உன் கல்யாணத்துக்கு அடிச்ச வெள்ளை

பாப்பா,

இத நான் இடது கண்ண மூடிக்கிட்டு எழுதுறேன். வலது கண்ணுல ஆபரேஷன் ஆகி இருபது நாளாச்சு. இடது கண்ணுக்கு வர்ற வெள்ளிக்கிழமை. வலது கண்ணால பாத்தா இந்தப் பேப்பர் பளிச்சுன்னு வெள்ளையா, லேசா நீலம் ஓடுன மாதிரி இருக்கு. அத மூடிட்டு இடது கண்ண திறந்தா அதே பேப்பர் டீ வடிகட்டுற துணி மாதிரி ஆயிடுது. பேப்பர் ஒண்ணு தான், பாக்கறவனும் ஒருத்தன் தான். காலையிலேர்ந்து மாத்தி மாத்தி இதையே பண்ணிக்கிட்டு இருக்கேன். உங்க அம்மா ரெண்டு தடவ வந்து பாத்துட்டு, இந்த வயசுல யாருக்குக் கண்ணடிக்கறீங்கன்னு கேட்டுட்டுப் போயிட்டா.

நாலு வருஷமா நீயும் நானும் பேசல. நீ ஃபிரான்சுலேர்ந்து அம்மாவுக்கு போன் போடறப்பல்லாம் நான் பக்கத்து ரூம்ல டிவி சத்தத்த கொறைச்சுட்டு காத தீட்டிக்கிட்டு உக்காந்திருப்பேன். குழந்தை சிரிக்கற சத்தம் கேக்கும். எழுந்து வந்து மூஞ்சி காட்டலாம்னு கால் பரபரங்கும். வறட்டு கவுரவம் விடாது. வர்ற மாசம் நீயும் மாப்ளையும் குழந்தையோட வர்றீங்கன்னு அம்மா சொன்னப்ப எனக்குத் தலைகால் புரியல. அப்புறம் மெதுவா அடுத்ததையும் சொன்னா, பீச் ரோடு பக்கம் ஓட்டல்ல ரூம் போட்டிருக்காங்களாம்னு. முத்தியால்பேட்டையில நீ பொறந்து வளந்த வீடு இருக்கும்போது ஓட்டல்ல ரூம். பழைய ஆளா இருந்தா ஆடித் தீர்த்திருப்பேன். இப்ப கோவம் வரல, நியாயம் தானேன்னு பட்டுச்சு. அதுக்குத்தான் இந்தக் கடுதாசி. போன்ல பேசினா என் வாய் சும்மா இருக்காது. எழுதுனா தப்பா வந்தத அடிச்சுட்டு வேற எழுதலாம். எனக்கு இலக்கணமா எழுத வராது, பேசற மாதிரியே எழுதிட்டுப் போறேன்.

நீ ஏழாவது படிக்கும்போது ஒரு ஞாயித்துக்கிழமை உடைஞ்ச கண்ணாடி டம்ளர துணியில சுத்தி அம்மிக்குழவியால நசுக்கின, ஞாபகம் இருக்கா? கொல்லப்பக்கம் வந்து பாத்தா துணி மேல வெள்ளை வெளேர்னு உப்பு மாதிரி ஒரு குவியல். “டம்ளர்ல வெள்ளையே இல்லியேப்பா, இந்த வெள்ளை எங்கேர்ந்து வந்துச்சு?”ன்னு கேட்ட. கண்ணாடித் தூள் யார் கால்லயாவது குத்தும்னு நான் முதுகுல ஒண்ணு வெச்சேன். அழுதுகிட்டே நீ விடாம சொன்ன. கண்ணாடி ஒண்ணா இருந்தா வெளிச்சம் நேரா போயிடுதாம். தூளாச்சுன்னா ஒவ்வொரு துண்டுலயும் பட்டுப் பட்டு எல்லாப் பக்கமும் சிதறுதாம், அந்தச் சிதறல் தான் வெள்ளையாம். அப்புறம் அந்தத் தூள் மேல தண்ணி ஊத்திக் காட்டின. வெள்ளை மங்கிப் போச்சு. சர்க்கரை, உப்பு, சுண்ணாம்பு எல்லாமே இப்படித்தான், வெள்ளைன்னு தனியா ஒரு சாயமே கிடையாதுன்னுட்ட. ஊரெல்லாம் வெள்ளையடிச்சு சோறு போடறவன்கிட்ட அவன் மவ வெள்ளைன்னு ஒண்ணு இல்லங்கறா. என்னா எகத்தாளம்னு நெனச்சேன்.

ஆனா மறுநாள் நடந்தத உன்கிட்ட நான் சொன்னதே இல்ல. மாதா கோயில் தெருவுல ஒரு வீட்டுல வேலை. ஏணி மேல நின்னு முதல் பூச்சு அடிச்சுட்டு கீழ இறங்கி பீடி பத்த வெச்சேன். ஈரச் சுண்ணாம்பு சாம்பக் கலர்ல, உள்ள இருக்கற பழைய சுவரு தெரியற மாதிரி மங்கலா தான் இருக்கும். காய காய வெளுக்கும். இத நான் ஆயிரம் தடவ பாத்திருக்கேன். அன்னிக்குத்தான் மொதல்ல *பாத்தேன்*. தண்ணி போற எடத்துல காத்து வந்து உக்காருது, வெளிச்சம் சிதறுது, சுவரு வெளுக்குது. நீ கண்ணாடித் தூள்ல பண்ணினது அப்படியே தலைகீழா என் கண்ணு முன்னாடி நடக்குது. பீடி விரல சுடற வரைக்கும் நின்னேன். சாயங்காலம் வீட்டுக்கு வந்து உன்ன கூப்பிட்டு சொல்லியிருக்கணும். முதுகுல அடிச்ச கை, எப்படி சொல்லும்? பக்கோடா வாங்கிட்டு வந்து குடுத்தேன், நீயும் தின்ன.

இன்னொண்ணு நீ பத்தாவது படிக்கும்போது. என் பழைய மூக்குக்கண்ணாடி ஃப்ரேம்ல மஞ்ச கண்ணாடிப் பேப்பர் ஒட்டி என் மூஞ்சில மாட்டி, பத்து நிமிஷம் கழட்டக் கூடாதுன்னு உக்கார வெச்ச. மொதல்ல ஊரே மஞ்சள்ல முக்கி எடுத்த மாதிரி இருந்துச்சு. நீ ஏதோ கதை பேசிக்கிட்டே இருந்த. கொஞ்ச நேரம் கழிச்சு, இப்ப என்ன கலர்ல தெரியுதுன்னு கேட்ட. எப்பவும் போல தான் தெரியுதுன்னு சொன்னேன், நிஜமாவே அப்படித்தான் தெரிஞ்சுது. வெடுக்குன்னு கழட்டின. என் வேட்டி, சுவரு, வெளிய வானம் எல்லாம் நீலமா போயிட்டு திரும்பி வந்துச்சு. எனக்கு பயமாயிடுச்சு. “கண்ணு பழகிக்குதுப்பா. பழகிட்டா, பழகினதே நமக்குத் தெரியாது”ன்னு சொன்ன. நான் சிரிச்சுட்டு கடைக்குப் போயிட்டேன். அந்த வார்த்தைய அப்பவே மண்டையில ஏத்தியிருந்தா இந்தக் கடுதாசிக்கு வேலை இருந்திருக்காது.

உன் கல்யாணத்துக்கு வீட்ட என் கையால தான் வெள்ளையடிக்கணும்னு நின்னேன். மாப்ள வீடு சொல்தா குடும்பம், பிரெஞ்சுப் பட்டாளத்துல வேலை பாத்தவங்க, மூணு தலைமுறையா ஃபிரான்சுக்கும் இங்கயும் போய் வர்றவங்க, வெள்ளைன்னா என்னன்னு அவங்களுக்குக் காட்டணும்னு வீம்பு. என்கிட்ட பதினெட்டு வருஷம் வேலை பாத்த ஏழுமலைய கூட டிரம்ம தொட விடல. நீத்தின சுண்ணாம்ப நானே வடிகட்டினேன், சுண்ணாம்பு சுவத்துல ஒட்டி நிக்க வஜ்ஜிரப் பசை நானே காச்சி ஊத்தினேன், நீலத்த துணியில முடிஞ்சு நானே டிரம்முல ஆட்டினேன். நீலம் எவ்ளோன்னு அதுக்குத் தராசு கிடையாது, கண்ணு தான் கணக்கு. சுண்ணாம்புல லேசா ஒரு பழுப்பு இருக்கும், நீலம் அத அடக்கும். நீலம் போட்டா சுவத்துலேர்ந்து வர்ற வெளிச்சம் உண்மையில கொறையுது, ஆனா பழுப்பு போறதால கண்ணு அதிக வெள்ளைன்னு ஏமாறுதுன்னு நீ தான் சொல்லியிருக்க. அன்னிக்கு எனக்கு எவ்ளோ போட்டாலும் பழுப்பு அடங்கல. இன்னும் ஒரு முடிச்சு, இன்னும் ஒரு முடிச்சுன்னு போட்டேன். கடைசியா சுவரு நான் நெனச்ச மாதிரி வெள்ளையா வந்துச்சு. கண்ணுல தண்ணியே வந்துடுச்சு எனக்கு.

கல்யாணத்துக்கு ரெண்டு நாள் முன்ன பரிசத் தட்டோட மாப்ள வீட்டுக்காரங்க வந்தாங்க. அவரோட அத்தை பாவம் மனசுல ஒண்ணும் வெச்சுக்காம, நீலக் கலர் ரொம்ப நல்லா இருக்கு, எந்தக் கடையில வாங்குனீங்கன்னு கேட்டாங்க. சனம் சிரிச்சுச்சு. என் மூஞ்சில ஈயாடல. உடனே ஏழுமலை பக்கம் திரும்பிட்டேன். எல்லாரும் பாக்க, கண்ணு பொட்டையா உனக்கு, என் மானத்த வாங்கிட்டியேன்னு கத்தினேன். அவன் வாயத் திறக்கல. நீ தான் பட்டுப் பொடவையோட வந்து நடுவுல நின்ன. “அப்பா, நான் பாத்துக்கிட்டு தான் இருந்தேன். ஏழுமலை மாமா டிரம்ம தொடவே இல்ல. நீ தான் போட்ட.” அதுக்கு நான் என்ன சொன்னேன்னு உனக்கும் தெரியும் எனக்கும் தெரியும். எழுதறதுக்கே கை கூசுது. ஆனா எழுதாம போனா இந்தக் கடுதாசியே பொய். “வெள்ளைக்காரன் தேசத்துக்குப் போறவளுக்கு அப்பன் வீட்டு வெள்ளை எங்க வெள்ளையா தெரியும்?”னு கேட்டேன். ஏழுமலை வெள்ளையடிக்கற மட்டைய வாசல்ல வெச்சுட்டு நடந்து போயிட்டான். நீ கிளம்புற அன்னிக்கு என் கால தொட்ட, மூஞ்சிய பாக்கல.

அதுக்கப்புறம் மெல்ல மெல்ல வேலை கொறைஞ்சு போச்சு. நான் அடிச்ச சுவரு சரியில்லன்னு ரெண்டு மூணு எடத்துல சொன்னாங்க, பெயிண்ட் கடைக்காரன் நீலத்துல கலப்படம் பண்றான்னு நான் சொல்லிக்கிட்டுத் திரிஞ்சேன். பஸ் நம்பர் தெரியாம விழுப்புரம் போற வண்டியில ஏறி உக்காந்தப்புறம் தான் உங்க அம்மா புடிச்ச புடியா கோரிமேட்டு பெரிய ஆஸ்பத்திரிக்கு இழுத்துட்டுப் போனா. ரெண்டு கண்ணுலயும் புரை, முத்திப் போய் மஞ்சளா இருக்கு, பல வருஷமா வளந்திருக்கும்னு டாக்டரம்மா சொன்னாங்க. சுண்ணாம்பு அடிக்கறவர்னா வெயில்ல வெள்ளைச் சுவத்த பாத்துக்கிட்டே தானே இருந்திருப்பீங்க, அதுவும் ஒரு காரணமா இருக்கலாம்னாங்க. நான் கேட்டுக்கிட்டேன், உள்ள இறங்கல.

கட்டு பிரிச்ச காலையில மொதல்ல கண்ணுல பட்டது என் மடி. கட்டியிருந்த வேட்டி நீலமா இருந்துச்சு. யாரு வேட்டிய எனக்குக் கட்டி விட்டீங்கன்னு கேட்டேன். உங்க அம்மா, “உங்க வேட்டி தான். நீங்களே தோய்ச்சு நீலம் போட்டது தான். எத்தன வருஷமா சொல்றேன்”னா. பக்கத்துப் படுக்கையில திண்டிவனத்துக்காரர் ஒருத்தர், அவரு வேட்டி வெள்ளை. நான் அவரு வேட்டியையும் என் வேட்டியையும் மாத்தி மாத்தி பாத்தேன், அவரு கொஞ்சம் நகந்து உக்காந்துட்டாரு.

வீட்டுக்கு வர்ற வழியில ஆட்டோக்காரர பீச் ரோடு வழியா போகச் சொன்னேன். சுத்து தான், ஆனா மனசு கேக்கல. சிக்னல்ல நின்ன போலீஸ்காரரோட சிவப்புத் தொப்பிய வலது கண்ணாலயும் பாத்தேன், இடது கண்ணாலயும் பாத்தேன். பெரிசா ஒண்ணும் மாறல. அப்புறம் கடல் வந்துச்சு. பாப்பா, நான் இந்தக் கடல் பக்கத்துலயே பொறந்தவன். அதுல இத்தன நீலம் இருக்குன்னு எனக்குத் தெரியாது, இல்ல, தெரிஞ்சு மறந்து போயிருக்கேன். கரையோரம் ஒண்ணு, கொஞ்சம் தள்ளி ஒண்ணு, வானத்த தொடற எடத்துல பேர் வைக்காத ஒண்ணு. வலது கண்ண மூடினேன், எல்லாம் ஒரே சேத்துக் கலர். திறந்தேன், எல்லாம் திரும்பி வந்து நின்னுச்சு. சிவப்புக்கு வழி விட்ட புரை நீலத்த மட்டும் வாசல்லயே மறிச்சு வெச்சிருக்கு. நீ எனக்கு மாட்டி விட்ட மஞ்ச பேப்பர் ஞாபகம் வந்துச்சு. அத நான் கழட்டவே இல்ல பாப்பா, உள்ளுக்குள்ளயே ஒட்டிக்கிட்டு இருந்திருக்கேன். ஆட்டோவுல உக்காந்து ஓன்னு அழுதேன். கண்ண கசக்கக் கூடாதுன்னு உங்க அம்மா ரெண்டு கையையும் புடிச்சுக்கிட்டா.

வீட்டு வாசல்ல இறங்கினேன். வெயில்ல மங்கியும் சுவரு நீலமா இருந்துச்சு. நாலு வருஷமா தினமும் நான் பாத்து, எப்படி வெள்ளை அடிச்சிருக்கேன் பாருன்னு மனசுக்குள்ள பெருமைப்பட்ட அதே சுவரு. மாப்ளையோட அத்தை கேட்டதுல தப்பே இல்ல. நீ சொன்னது தான் உண்மை.

ஏழுமலை இப்ப தட்டாஞ்சாவடியில ஒரு பீரோ கம்பெனியில ஸ்ப்ரே பெயிண்ட் அடிக்கறான். கண்ணுல கறுப்புக் கண்ணாடியோட போய் கேட் ஓரமா நின்னேன். மதிய சாப்பாட்டுக்கு வெளிய வந்தான். என் மேல தப்புடான்னு சொன்னேன், கை ரெண்டும் தானா குவிஞ்சுது. அவன் கைய இறக்கி விட்டான். தப்பு கண்ணு மேலயா வாய் மேலயா, அத மொதல்ல சோதிச்சுப் பாத்துடலாம்ணேன்னு சொல்லிட்டு சாப்பாட்ட பாதி எனக்குக் குடுத்தான்.

லீவு நாள்ல வந்தான். கொல்லப்புறச் சுவத்துல ஏழு கட்டம் கட்டி, ஒண்ணுல நீலமே போடாம, அடுத்ததுல ஒரு முடிச்சு, அதுக்கடுத்ததுல ரெண்டுன்னு வரிசைய கலைச்சுக் கலைச்சு அடிச்சான். என்ன உள்ள விடல. எந்தக் கட்டத்துல எவ்ளோன்னு ஒரு சீட்டுல எழுதி உங்க அம்மா கையில குடுத்துட்டான். நீ பாத்திருந்தா அவன மெச்சியிருப்ப, சரியான பரிட்சை. மறுநாள் சுவரு காஞ்சப்புறம் இடது கண்ணால பாத்து, இருக்கறதுலயே நல்ல வெள்ளை எதுன்னு சொல்லச் சொன்னான். ஒரு கட்டத்த கை வெச்சேன். அப்புறம் வலது கண்ணால. வேற கட்டம். உங்க அம்மா சீட்ட படிச்சா. வலது கண்ணு எடுத்தது ஒரு முடிச்சு. இடது கண்ணு எடுத்தது ஆறு. உன் கல்யாணத்துக்கு நான் போட்டதும் ஆறு.

அப்பத்தான் ஏழுமலை ஒரு விஷயம் சொன்னான். கல்யாணத்துக்கு ஆறேழு வருஷம் முன்னாலேர்ந்தே என் நீலம் ஏறிக்கிட்டே போறத அவன் கவனிச்சிருக்கான். நான் கலந்து வெச்சுட்டு டீ குடிக்கப் போவேன் இல்ல, அந்த நேரத்துல டிரம்முல பாதிய எடுத்துட்டு நீலம் போடாத சுண்ணாம்புப் பால ஊத்தி சரி பண்ணிடுவானாம். வெள்ளைன்னா நீ தாண்ணேன்னு ஊர் சொன்னதெல்லாம் அவன் கை. “ஏண்டா என்கிட்ட சொல்லல”ன்னு கேட்டேன். சொன்னா நீ ஒத்துக்குவியான்னு கேட்டான். அப்ப அந்த ஒரு தடவ மட்டும் ஏன் விட்டன்னு கேட்டேன்.

“உன் மவ கல்யாணத்துக்கு நீ டீ குடிக்கவே போகலியேண்ணே”ன்னான்.

என் பேரு கெட்டுடும்னு அன்னிக்கு அத்தன பேர் முன்னாடி திட்டு வாங்கிக்கிட்டு வாய மூடிட்டுப் போயிருக்கான் பாரு, அவன் மனுஷன். நீயும் உண்மைய நேரா சொன்ன. பொய் சொன்னவன் நான் ஒருத்தன், அதுவும் பொய்னு தெரியாமலே சத்தமா சொன்னவன். கண்ணு பழகிப் போனதுக்கு நான் பொறுப்பில்ல. ஆனா பெத்த மவ சொல்றப்ப, என் கண்ணுல தான் கோளாறோன்னு ஒரு நிமிஷம் கூட எனக்குத் தோணல பாரு, அதுக்கு எந்தப் புரையும் காரணமில்ல. என்ன மன்னிச்சுடு பாப்பா.

இந்த இருபது நாளா நீ சின்ன வயசுல பண்ணினதெல்லாம் நான் பண்ணிக்கிட்டு இருக்கேன், சிரிக்காத. நேத்து மத்தியானம் சமையல்கட்டு ஜன்னல சாத்திட்டு, கண்ணாடி டம்ளர் தண்ணியில ரெண்டு சொட்டு பால் விட்டு டார்ச் அடிச்சேன். பக்கத்துலேர்ந்து பாத்தா தண்ணி லேசா நீலம். டார்ச்சுக்கு நேர் எதிர்ல நின்னு பாத்தா வெளிச்சம் சாயங்கால சூரியன் மாதிரி ஆரஞ்சு. உங்க அம்மாவையும் கூப்பிட்டு காமிச்சேன். ஆகாசம் நீலமா இருக்கறதும் சாயங்காலம் சிவக்கறதும் இப்படித்தான்னு நீ அன்னிக்குச் சொன்னத அவளுக்குச் சொன்னேன், பால வீணாக்காதன்னு அப்ப உன்ன திட்டினதையும் சேத்து. வாழ்நாள் பூரா நீலத்த காசு குடுத்து வாங்கிக் கலந்தவன் நான். இங்க ஒரு டம்ளர்ல, ஒரு பொட்டு நீலம் போடாம, நீலம் நிக்குது. இத்தனையும் நம்ம வீட்டு அலமாரியில இருந்த சாமான் தான். கையெடுத்துக் கும்பிடணும் போல இருந்துச்சு.

ஏழுமலை வாசச் சுவத்துக்கு நல்ல வெள்ளை அடிச்சுடலாமான்னு கேட்டான். வேணாம்னுட்டேன். வெள்ளிக்கிழமை இடது கண்ணையும் சரி பண்ணிடுவாங்க. அதுக்கப்புறம் நான் எப்படி பாத்தேங்கறதுக்கு இந்த உலகத்துல இருக்கப் போற ஒரே சாட்சி அந்தச் சுவரு தான். அத நீ பாக்காம நான் அழிக்க மாட்டேன்.

கடைசியா ஒண்ணு. பரண்ல தேடி அந்தப் பழைய ஃப்ரேம எடுத்தேன். நீ ஒட்டின பேப்பர் உதிந்து போச்சு, புது மஞ்ச பேப்பர் வாங்கியாந்து ஒட்டினேன். ஒண்ணு ஒட்டி வலது கண்ணுல வெச்சு சுவத்த பாத்தேன், அப்புறம் வெறும் இடது கண்ணால பாத்தேன். ரெண்டும் ஒத்துப் போகல. ரெண்டு ஒட்டினேன், அப்பவும் போகல. மூணாவது ஒட்டினப்ப ரெண்டு கண்ணும் ஒரே மாதிரி பாத்துச்சு. என் கண்ணுல இருந்தது மூணு பேப்பர் அளவு புரைன்னு கணக்குப் போட்டுட்டேன், வாத்தியாரம்மா நீ தான் சரியான்னு பாத்து சொல்லணும்.

ரெண்டு பக்கமும் மூணு மூணு பேப்பர் ஒட்டி அத வாசக்கால் ஆணியில மாட்டி வெச்சிருக்கேன். ஓட்டல்லயே தங்கு, பரவால்ல. ஒரு தடவ மட்டும் வாசல் வரைக்கும் வா. அத எடுத்து மாட்டிக்கிட்டு, அவசரப்படாம கொஞ்ச நேரம் நின்னு, கண்ணு பழகினப்புறம் சுவத்த பாரு. உன் கல்யாணத்துக்கு அப்பா எவ்ளோ வெள்ளையா அடிச்சேன்னு தெரியும்.

அப்பா